சொல்லாத பகிடிக்குச் சிரித்த சபை

சொல்லாத பகிடிக்கு ஒரு சபை எப்படிச் சிரிக்கும்?

ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் முழுவதும் நிருபமா இந்தக் கேள்வியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாள். மடிக்கணினித் திரையில் இரண்டு ஒலிக்கோடுகள் ஒன்றின் கீழ் ஒன்றாகக் கிடந்தன. மேலே இருந்தது அவள் இயக்கிய படத்தின் ஒலி. கீழே இருந்தது சபையின் ஒலி. முந்தின நாள் ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட்டில், தமிழ்ச் சங்க மண்டபத்தில் படம் ஓடியபோது பின்வரிசையில் ஒரு சின்ன ஒலிவாங்கியை வைத்து அதை அவள் பதிவு செய்திருந்தாள். நகைச்சுவைப் படம் எடுப்பவர்கள் தவறாமல் செய்யவேண்டிய வேலை இது. சபை அழுதால் வாசலில் நின்று கண்களைப் பார்த்தே தெரிந்துகொள்ளலாம். சிரிப்பு அப்படியல்ல. எந்தச் சொல்லில் தொடங்கியது, அடுத்த வசனத்தில் எவ்வளவை விழுங்கியது என்பதெல்லாம் மண்டபத்தை விட்டு வெளியே வந்ததும் மறந்துபோகும். பதிவு செய்து படத்தின் கீழே பொருத்திப் பார்த்தால்தான் தெரியும்.

இப்போது தெரிந்தது அவள் எதிர்பார்த்தது அல்ல.

படத்தில் ஒரு சங்கத் தலைவர் வருகிறார். விழாவில் மேடையேறுகிற எல்லாருக்கும் பொன்னாடை போர்த்துவது அவருடைய சங்கத்தின் வழக்கம். மேடைக்குப் பின்னால், புகைபோக்கி பழுதாகிப்போன சமையலறையில், ஒரு பெண் அத்தனை பேருக்கும் சமைக்கிறாள். அவள் கையில் அகப்பையோடு வந்து புகைபோக்கியைத் திருத்தித் தரும்படி கேட்கிறாள். தலைவர் தொண்டையைச் செருமிக்கொண்டு சொல்கிறார்: "தங்கச்சி, உங்களுக்கு மூச்சு முட்டுறது எங்களுக்கும் தெரியும். அதைப் பற்றி நிர்வாகசபை கூடி ஒரு முடிவெடுத்திருக்கு."

இந்த இடத்தில் தலைவரை விட்டுப் படம் அந்தப் பெண்ணின் முகத்துக்குப் போகிறது. புகையில் சிவந்த கண்கள். நெற்றியில் அப்பிய மாவு. மெல்ல மெல்ல விரிகிற, நம்பிக்கையான ஒரு புன்னகை. ஆழமாக ஒரு மூச்சு இழுத்து விடுகிற நேரம் அந்த முகம் நிற்கிறது. பிறகு மறுபடியும் தலைவர்: "இனிமேல் சமையலறைக் கதவை உள்ளால பூட்டிக்கொண்டு சமையுங்கோ. பொன்னாடையெல்லாம் புகை மணக்குது."

சிரிப்பு அந்தப் பொன்னாடையில்தான் வெடிக்கவேண்டும். தலைவரின் முகத்தில்தான் விழவேண்டும். காட்சி முழுவதும் அதற்காகக் கட்டப்பட்டது. ஆனால் கீழ்க்கோட்டில், தலைவர் முடிவை இன்னும் சொல்லாத அந்த மௌனத்தில், பெண்ணின் முகம் மட்டும் திரையில் நிற்கும்போது, சிரிப்பு மலைபோல எழும்பி நின்றது. தலைவர் பேசத் தொடங்கியபோது மண்டபம் குலுங்கிக்கொண்டிருந்தது. அவருடைய வசனம் ஒருவருக்கும் கேட்டிருக்காது.

இருநூறு பேர் ஒரு பெண் நம்பிக்கையோடு புன்னகைப்பதைப் பார்த்துச் சிரித்திருக்கிறார்கள். வேறு எப்படி அதை விளங்கிக்கொள்வது?

அந்தப் பெண்ணாக நடித்தவர் சந்திரகாந்தி. முதியோர் இல்லம் ஒன்றின் சமையலறையில் வேலை செய்பவர். வாழ்க்கையில் அதற்கு முன் நடித்ததில்லை. நிருபமா மூன்று தரம் வீட்டுக்குப் போய்க் கெஞ்சித்தான் அவரைச் சம்மதிக்க வைத்தாள். சனிக்கிழமை அவர் புதுச்சேலை கட்டி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்.

அன்று படம் முடிந்ததும் நடந்ததை நினைத்தால் நிருபமாவுக்கு இன்னமும் கழுத்து அரித்தது. சங்கத்தின் உண்மையான தலைவர் பரராசசிங்கம் கையில் இரண்டு பொன்னாடைகளோடு மேடைக்கு ஏறினார். படத்துத் தலைவரின் செருமலும் நடையும் அவரிடமிருந்து எடுத்தவைதான். அவர் வாய் நிறையப் பொரித்த இறைச்சி ரோல்ஸ்.

"பிள்ளையள், எங்களை நல்லா வாங்கிப்போட்டியள்! நான் விழுந்து விழுந்து சிரிச்சன்."

பொன்னாடையைப் பற்றிய படத்தை எடுத்தவர்களுக்கு அவர் பொன்னாடை போர்த்தினார். படத்தைத் தயாரித்த நிருபமாவின் அண்ணன் நிதுசன் வெட்கமில்லாமல் கழுத்தை நீட்டிக் கொடுத்தான். அலுமாரியில் போடுகிற நப்தலின் குளிசையின் மணமும், இதற்கு முன் அதைப் போர்த்தியிருந்த யாரோ ஒருவரின் வியர்வை மணமும் சேர்ந்து அவள் மூக்கில் ஏறின. பரராசசிங்கம் குனிந்து அவள் காதுக்குள் சொன்னார்:

"உந்த மனுசியின்ர முகம் இருக்கே! பல்லைக் காட்டிக்கொண்டு நிண்டுது பார், அதிலதான் எனக்கு வயிறு நொந்துபோச்சு. எங்க பிடிச்சனீங்கள் அந்த ஆளை?"

பேசும்போது ஒரு ரோல்ஸ் துணுக்கு அவள் கன்னத்தில் வந்து ஒட்டியது. அதைத் துடைத்துக்கொண்டு அவள் முன்வரிசையைப் பார்த்தாள். சந்திரகாந்தியின் நாற்காலி வெறுமையாக இருந்தது.

திங்கட்கிழமை வேலை முடிந்ததும் நிருபமா முதியோர் இல்லத்துக்கு எதிரே இருந்த டிராம் தரிப்பிடத்தில் காத்து நின்றாள். சந்திரகாந்தி வந்தார். கண்டதும் நின்றார். கோபம் இருந்ததாகத் தெரியவில்லை. அதுதான் கூடுதல் சங்கடமாக இருந்தது.

"நீர் தலைவரைப் பகிடி பண்ணுற படமெண்டுதானே பிள்ளை சொன்னனீர்?"

"ஓம் அக்கா."

"சனம் என்னைப் பார்த்தெல்லோ சிரிச்சது."

நிருபமா தண்டவாளத்தைப் பார்த்தாள்.

"சிரிக்கட்டும். டார்ம்ஸ்டாட்டில என்னை ஆருக்குத் தெரியும்? ஆனா ஞாயிற்றுக்கிழமை கார்ல்ஸ்ரூஹேல போடப்போறியளாம். அங்க என்ர தங்கச்சி இருக்கிறாள். அவளின்ர புருசன்ர ஆக்கள் முழுக்க வருவினம். அவைக்கு முன்னால என்ர முகத்தைப் போடாதேங்கோ. வெட்டி எடுத்துவிடும்."

"உங்கட முகத்தை வெட்டினா அதில என்ன மிச்சம் அக்கா?"

"தலைவர் இருப்பார்தானே" என்றார் சந்திரகாந்தி.

டிராம் வந்தது. ஏறுவதற்கு முன் நிருபமா அவருடைய கையைப் பிடித்து வாக்குக் கொடுத்தாள்: வெள்ளிக்கிழமைக்குள் பிழையைக் கண்டுபிடித்துத் திருத்துவேன், இல்லாவிட்டால் அந்த முகத்தை வெட்டிவிடுவேன். வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் அந்தக் கடைசி வசனம் அவளை அருவருக்க வைத்தது. தலைவர் இருப்பார். முகத்தை வெட்டினால் படம் செய்வதும் அதைத்தான்: சமைத்தவளை உள்ளே வைத்துக் கதவைப் பூட்டிவிட்டு, தலைவரை மேடையில் விடுவது.

நிதுசனுக்கு இதெல்லாம் பெரிய விசயமாகப் படவில்லை. சமையலறை மேசையில் அவனுடைய பொன்னாடை இன்னும் மடித்தபடி கிடந்தது.

"சிரிச்சவைதானே? சிரிக்காட்டித்தான் எங்களுக்குப் பிரச்சினை."

"எதுக்குச் சிரிச்சவை அண்ணா? ஒரு மனுசி நல்லது நடக்கும் எண்டு நம்புறா. அதுக்குச் சிரிச்சவை. உனக்கு அருவருக்கேல்லையோ?"

"எனக்கு அந்தாளின்ர ரோல்ஸ்தான் அருவருத்தது."

"அதுக்குப் பிறகும் கழுத்தை நீட்டினனீ."

"மண்டபம் சும்மா தந்தவர். நீட்டாமல் என்ன செய்யிறது? தயாரிப்பாளரின்ர கழுத்து உதுக்குத்தான் இருக்கு."

இந்த இருவரும் படம் எடுக்கிற விதத்தைப் பற்றி இங்கே சொல்லவேண்டும். பாடசாலைக் காலத்தில் தொலைக்காட்சியில் ஓடிய பழைய கறுப்பு வெள்ளை ஆங்கிலப் படங்களுக்கு அவர்கள் அடிமை. இரண்டாம் உலகப் போர் முடிந்த பிறகு இங்கிலாந்தில் இரட்டைச் சகோதரர்கள் இருவர் எடுத்த நையாண்டிப் படங்கள் அவற்றுள் முக்கியமானவை. ஒரு படத்தில் படையைப் பிடித்து உலுக்குவார்கள், இன்னொன்றில் நீதிமன்றத்தை, இன்னொன்றில் முதலாளியையும் தொழிற்சங்கத்தையும் ஒரே மூச்சில். அந்தச் சகோதரர்களிடம் ஒரு நல்ல வழக்கம் இருந்தது. ஒருவர் இயக்கினால் மற்றவர் தயாரிப்பார். வேறொரு படத்தில் மாறிக்கொள்வார்கள். நிருபமாவும் நிதுசனும் அதை அப்படியே எடுத்துக்கொண்டார்கள். இந்த முறை இயக்கம் தங்கைக்கு, தயாரிப்பு அண்ணனுக்கு.

செவ்வாயும் புதனும் நிருபமா ஒவ்வொரு காரணமாக எடுத்துச் சோதித்துப் பார்த்தாள். சந்திரகாந்தியின் நடிப்பு கூடிப்போய்விட்டதா? முகத்தை மட்டும் தனியாக வெட்டி, கதை தெரியாத தன் அலுவலக நண்பி பிளோறன்ஸிடம் காட்டினாள். "பாவம், யார் இந்தப் பெண்?" என்றுதான் பிளோறன்ஸ் கேட்டாள். மண்டபத்தின் எதிரொலி தலைவரின் முதல் வசனத்தைத் தின்றுவிட்டதா? பதிவில் அது தெளிவாகவே கேட்டது. முகம் தேவைக்கு மேல் நீண்ட நேரம் நிற்கிறதா? சுருக்கிப் பார்த்தாள். ஆனால் சிரிப்பு முகம் தோன்றிய உடனேயே தொடங்கிவிட்டது. சுருக்குவதால் அதைத் தடுக்க முடியாது.

இன்னொன்றும் அவளைக் குழப்பியது. படத்தொகுப்பை முடித்துப் படத்தைப் பூட்டுவதற்கு முன், போன மாதம், இதே வீட்டில் நண்பி சுலோஜனாவையும் அவளுடைய வீட்டாரையும் கூப்பிட்டுப் போட்டுக் காட்டியிருந்தார்கள். அன்று முகத்துக்கு ஒருவரும் சிரிக்கவில்லை. சுலோஜனாவின் கணவர் "ச்சே" என்றுகூடச் சொன்னார். பிறகு பொன்னாடையில் எல்லாரும் வெடித்துச் சிரித்தார்கள். அதே படம், அதே முகம். வரவேற்பறையில் ஏழு பேர் மனிதர்களாக இருந்தார்கள். மண்டபத்தில் இருநூறு பேர் வேறு எதுவோ ஆகிவிட்டார்கள். கூட்டம் என்றால் அப்படித்தான், இருட்டில் ஒருவரோடு ஒருவர் ஒட்டி உட்கார்ந்தால் அழுக்கு மேலே வந்துவிடும் என்று அவள் ஏறக்குறைய முடிவே கட்டிவிட்டாள். இவ்வளவு அழுக்கான சனத்துக்கு எதற்குப் படம் எடுக்கவேண்டும் என்ற எண்ணமும் வந்தது.

புதன்கிழமை பின்னேரம் கடைசியாக ஒரு தடவை, காதில் நல்ல கேட்பொறியை மாட்டிக்கொண்டு, சிரிப்பின் தொடக்கத்தை மட்டும் வேகத்தைக் குறைத்துக் கேட்டாள்.

அப்போதுதான் அது ஒரு சிரிப்பு இல்லை, இரண்டு என்று தெரிந்தது. முதலில் எழுந்தது மெல்லிய, இளம் குரல்கள். கொஞ்சம் பிந்தித்தான் தடித்த, முதிர்ந்த குரல்கள் வந்து சேர்ந்தன. முதல் அலையில் ஒரு குரல் விக்கல்போல வெட்டி வெட்டிச் சிரித்தது. அந்த விக்கலை அவளுக்குத் தெரியும். மிதுஷா. அவளுடைய சித்தியின் மகள். இங்கேயே பிறந்து வளர்ந்து, இப்போது பல்கலைக்கழகத்தில் படிப்பவள்.

நிருபமா உடனே தொலைபேசியை எடுத்தாள்.

"நீதான் முதல் சிரிச்சனீ" என்றாள், வணக்கம்கூடச் சொல்லாமல். "அந்த அக்கான்ர முகத்தில என்னடி பகிடியைக் கண்டனீ?"

"எந்த முகம்?"

"புகையில கண் சிவந்து நிக்கிற முகம். அதைப் பார்த்துச் சிரிக்க உனக்கு எப்பிடி மனம் வந்தது?"

"நிரு அக்கா, நான் முகத்தைப் பார்க்கவே இல்லை. கதவைப் பூட்டச் சொன்னாரே, அதுக்குத்தான் சிரிச்சனான். பொன்னாடை மணக்குதாம் எண்டு."

"அவர் அப்ப அதைச் சொல்லவே இல்லையடி!"



"சொல்லேல்லையா? அப்ப நான் வாசிச்சிருக்கிறன். கீழ ஜெர்மன்ல எழுதிக் கிடந்தது. எனக்குத் தமிழ் விளங்கும்தான், ஆனா கீழ எழுத்து ஓடினா கண் தன்பாட்டில அங்க போயிடும். எங்கட சிநேகிதர் செட் முழுக்க அப்பிடித்தான்."

நிருபமா தொலைபேசியை வைத்துவிட்டு அண்ணனைக் கூப்பிட்டாள். மண்டபத்துக்குக் கொடுத்த பிரதியைத் திறக்கச் சொன்னாள். தன் படத்தைச் சப்டைட்டிலோடு அவள் கவனித்துப் பார்ப்பது அதுதான் முதல் தடவை.

நம்புவதற்குக் கடினம்தான், ஆனால் அவர்களுடைய வேலைப் பங்கீடு அப்படி. முதல் படத்தில் இருவரும் ஒருவர் வேலையில் மற்றவர் கைவைத்துச் சண்டைபிடித்து, ஒரு குளிர்காலம் முழுவதும் பேசாமல் இருந்தார்கள். அதற்குப் பிறகு நடுவே ஒரு வேலி போட்டார்கள். படத்தைப் பூட்டும்வரை எல்லாம் இயக்குநருடையது. பூட்டிய பிறகு வருகிற எல்லாம் தயாரிப்பாளருடையது. இயக்குநர் எட்டிப் பார்க்கவும் கூடாது. சப்டைட்டில் பூட்டிய பிறகு வருகிற வேலை. எனவே அதை நிதுசன் செய்தான். வரவேற்பறையில் ஏழு பேர் பார்த்த படத்தில் அது இருக்கவில்லை. மண்டபத்தில் இருந்தது. அங்கே நிருபமா திரையைப் பார்க்காமல் தலைகளையும் ஒலிவாங்கியின் ஒலியளவு முள்ளையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

திரையில் காட்சி ஓடியது. "நிர்வாகசபை" என்று தலைவர் வாயெடுத்ததும் கீழே இரண்டு வரிகள் ஒன்றாக வந்து நின்றன. மேல் வரி: நிர்வாகசபை ஒரு முடிவு எடுத்திருக்கிறது. கீழ் வரி: கதவைப் பூட்டுங்கள், பொன்னாடை புகை மணக்கிறது. படம் சந்திரகாந்தியின் முகத்துக்கு மாறியது. வரிகள் போகவில்லை. அவருடைய புன்னகைக்கு அடியில், அவருக்கு இன்னும் தெரியாத முடிவு, கறுப்பு வெள்ளையில் எழுதிக் கிடந்தது.

"இதில என்ன பிழை?" என்றான் நிதுசன். "சின்னச் சின்ன வரியா மின்னி மின்னி மறைஞ்சா சனத்துக்குக் கண் நோகும். கிட்டக் கிட்ட வாற ரெண்டு வசனத்தை ஒண்டாச் சேர்த்து, வாசிக்கிறதுக்கு நேரம் குடுக்கோணும். அதுதான் முறை. நான் ஒழுங்காப் படிச்சுத்தான் செய்தனான்."

"முறை சரி. இடம்தான் பிழை. இப்ப பார்." அவள் ஒரு தாளை எடுத்து இரண்டு கோடு கீறினாள். "இது காதால பார்க்கிற ஆக்கள். இவைக்குப் பகிடி இன்னும் வரேல்லை. இது கண்ணால வாசிக்கிற ஆக்கள். இவைக்குப் பகிடி முடிஞ்சுபோச்சு. ஒரே மண்டபத்தில ரெண்டு மணிக்கூடு ஓடுது. சிரிப்பு வெடிக்கிற நேரத்தில திரையில எந்த முகம் நிக்குதோ, சிரிப்பு அதின்ரதாப் போயிடும். நிண்டது ஆரின்ர முகம்?"

நிதுசன் தாளைத் தன் பக்கம் இழுத்துப் பார்த்தான். பிறகு முகம் மலர்ந்தது.

"அப்ப ஒருத்தரும் அக்காவைப் பார்த்துச் சிரிக்கேல்லை! அவவுக்குப் போன் பண்ணிச் சொல்லு!"

"பொறு" என்றாள் நிருபமா. இரண்டாவது அலையைப் போட்டுக் காட்டினாள். தடித்த, முதிர்ந்த குரல்கள். நடுவில் பரராசசிங்கத்தின் செருமலோடு கூடிய சிரிப்பு. "இவை ஜெர்மனை இந்த வேகத்தில வாசிக்கிற ஆக்களோ? இல்லை. காதில இன்னும் பகிடி விழேல்லை. பிள்ளையள் சிரிச்சவுடன இவை நிமிர்ந்து பார்த்தவை. திரையில ஒரு மனுசியின்ர முகம். சரி, இதுக்குத்தான் சிரிக்கோணும் போல எண்டு சிரிச்சவை. காரணம் கேக்கேல்லை. வயிறு நோகச் சிரிச்சவை."

நிதுசன் மேசையில் கிடந்த பொன்னாடையை எடுத்தான். எங்கே போடுவது என்று தெரியாமல் கொஞ்ச நேரம் கையில் வைத்திருந்தான். பிறகு குப்பைப் பையைத் திறந்தான்.

"இவையை என்ன செய்யிறது?"

"இவையைத் திருத்த ஏலாது. ஆர் தொடங்கினாலும் பின்னால சேர்ந்து சிரிப்பினம். தொடங்கிற ஆக்களின்ர நேரத்தை மட்டும் எங்களால மாத்த ஏலும்."

வியாழக்கிழமை மாலை வரவேற்பறை நிறைந்திருந்தது. மிதுஷா தன் தோழிகள் நால்வரோடு வந்தாள். சுலோஜனா தன் மாமனையும் மாமனின் இரண்டு நண்பர்களையும் கூட்டி வந்தாள். அவர்களுக்கு ஜெர்மன் மெதுவாகத்தான் ஓடும். ஒருவருக்கும் எதுவும் சொல்லப்படவில்லை. படத்தை முன்பே பார்த்துவிட்ட மிதுஷாவைச் சிரிக்கக்கூடாது என்று சொல்லி அடுக்களைப் பக்கம் உட்கார வைத்தார்கள். சந்திரகாந்தி கடைசியாக வந்தார். குளிர்ச்சட்டையைக் கழற்றாமல் கதவோரம் நின்றுகொண்டார்.

"நான் நிண்டுகொண்டே பார்க்கிறன். போறதுக்குச் சுகம்."

காட்சி வந்தது. தலைவர் செருமினார். நிர்வாகசபை கூடி ஒரு முடிவெடுத்திருக்கிறது என்றார். சந்திரகாந்தியின் முகம் திரையில் விரிந்தது. கதவோரம் நின்ற சந்திரகாந்தி தரையைப் பார்த்தார்.

அறையில் ஒரு சத்தமும் இல்லை. தோழிகளில் ஒருத்தி கையைக் கன்னத்தில் வைத்துக்கொண்டு முன்னால் சாய்ந்தாள்.

தலைவர் வாயைத் திறந்தார். கதவைப் பூட்டச் சொன்னார். பொன்னாடை என்றார். தோழிகள் நால்வரும் ஒரே நேரத்தில் வெடித்தார்கள். அடுத்த கணம் மாமனும் நண்பர்களும் சேர்ந்துகொண்டார்கள். திரையில் பருத்த, திருப்தியான தலைவரின் முகம் நின்றது.

"உவன்ர மூஞ்சையைப் பார்!" என்று மாமன் தொடையில் அடித்துக்கொண்டார். "மனுசி மூச்சு முட்டிச் சாகுது, உவனுக்குப் பொன்னாடை!"

சந்திரகாந்தி நிமிர்ந்தார். முதலில் அறையிலிருந்தவர்களைப் பார்த்தார், பிறகு திரையை. படம் முடியும்வரை கதவோரத்திலேயே நின்றார். எல்லாரும் தேத்தண்ணிக்கு எழும்பியபோதுதான் குளிர்ச்சட்டையின் பொத்தானைக் கழற்றினார்.

"பிள்ளை, இஞ்ச வாரும். உண்மையைச் சொல்லும். போன கிழமை என்னைப் பார்த்துச் சிரிச்சதுகளோ, இல்லையோ?"

"சிறுசுகள் இல்லை அக்கா. பெரிசுகள் சிரிச்சவை."

"பரராசசிங்கமும்?"

"அவரும்."

"தெரியும்" என்றார் சந்திரகாந்தி. "அந்தாளின்ர விழாவுக்கும் நான்தான் சமைச்சுக் குடுத்தனான். மூதேவி." குளிர்ச்சட்டையைக் கழற்றிக் கையில் போட்டுக்கொண்டார். "என்ர முகத்தை வெட்டேல்லையே நீர். சுருக்கினீரோ?"

"ஒரு துளியும் சுருக்கேல்லை."

"அப்ப என்னதான் செய்தனீர்?"

"கீழ வாற எழுத்தை ரெண்டா உடைச்சனான் அக்கா" என்றாள் நிருபமா. "முதல் வரி தலைவர் பேசி முடிக்க மறையுது. உங்கட முகம் நிக்கிற நேரம் கீழ ஒரு எழுத்தும் இல்லை. ரெண்டாவது வரி, அவர் திரும்ப வந்து வாய் திறந்த பிறகுதான் வருது."